சென்னையில் இரண்டு வழக்கு, சேலத்தில் ஒன்று: ஒரே கோர்ட்டுக்கு மாற்ற முடியுமா?

கேள்வி: கல்யாணமானதும் குடியிருந்ததும் சென்னையில். இரண்டு வருடமாக ஏழு வயது மகளோடு சேலத்தில் அம்மா வீட்டில் இருக்கிறேன். ஜீவனாம்சம் கேட்டு சேலம் குடும்ப நீதிமன்றத்தில் வழக்குப் போட்டேன். அதன் பிறகு கணவர் சென்னை குடும்ப நீதிமன்றத்தில் விவாகரத்து மனுவும், மகளைத் தன்னிடம் ஒப்படைக்கக் கோரித் தனி மனுவும் போட்டிருக்கிறார். வாய்தாவுக்கு வாய்தா சென்னை போய்வர முடியவில்லை. என்ன வழி?

பதில்: வழி இருக்கிறது, சகோதரி. இரண்டு ஊரும் ஒரே உயர் நீதிமன்றத்தின் கீழ் வருவதால், சிவில் நடைமுறைச் சட்டம் 24-வது பிரிவின்படி சென்னை உயர் நீதிமன்றத்தில் இடமாற்ற மனு போடலாம். வக்கீல்கள் இதை ‘டிரான்ஸ்பர் சி.எம்.பி.’ என்பார்கள். கணவர் பெங்களூரில் வழக்குப் போட்டிருந்தால் 25-வது பிரிவின்படி உச்ச நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். மனு போட்டாயிற்று என்று சென்னை வாய்தாவை விட்டுவிடாதீர்கள். இடைக்காலத் தடை கிடைக்கும்வரை அங்கே வழக்கு ஓடிக்கொண்டுதான் இருக்கும். ஆள் வரவில்லை என்றால் எக்ஸ்பார்ட்டி ஆகிவிடும், அதாவது உங்கள் தரப்பைக் கேட்காமலே உத்தரவு வந்துவிடும். அதைத் திறக்க இன்னொரு மனு, இன்னும் சில மாதங்கள். இடமாற்ற மனுவோடு தடை கேட்டும் மனு போடச் சொல்லுங்கள்.

சென்னையில் இருக்கும் இரண்டு வழக்கு எண்களுக்கும் இடமாற்றம் கேட்க வேண்டும். நான் பார்த்த ஒரு வழக்கில் விவாகரத்து எண்ணை மட்டும் எழுதி, குழந்தை வழக்கான ஜி.டபிள்யு.ஓ.பி. எண்ணை விட்டுவிட்டார்கள். விவாகரத்து வழக்கு ஊருக்கு வந்துவிட்டது, குழந்தை வழக்கு சென்னையிலேயே நின்றுவிட்டது. அந்தத் தாய் மறுபடியும் முதலிலிருந்து தொடங்க வேண்டியிருந்தது. ஒரே குடும்பத்தின் வழக்குகளை இரண்டு நீதிபதிகள் தனித்தனியாக விசாரித்தால் முரணான உத்தரவுகள் வரலாம். அந்த ஆபத்தே உங்களுக்கு வலுவான காரணம்.

1981-ல் உச்ச நீதிமன்றம் பார்த்த ஒரு வழக்கு உங்களுடையதைப் போன்றதுதான். மனைவி ஆந்திராவின் ஏலூரில் ஜீவனாம்சம் கேட்டிருந்தார், கணவர் ராஜஸ்தானின் உதய்பூரில் விவாகரத்து கேட்டிருந்தார். உதய்பூர் வழக்கு ஏலூருக்கு மாற்றப்பட்டது. 2022-லும் வேலூரில் கணவர் போட்ட வழக்கைச் சென்னைக்கு மாற்றியபோது, திருமண வழக்குகளில் பொதுவாக மனைவியின் வசதியைப் பார்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. எதிர்த்தரப்பு ‘வீடியோ கான்ஃபரன்ஸில் ஆஜராகட்டும்’ என்று சொல்லலாம். இடமாற்ற மனுவிலேயே அப்படி உத்தரவிட முடியாது என்று 2017-ல் மூன்று நீதிபதிகள் அமர்வு பெரும்பான்மையாகத் தீர்ப்பளித்திருக்கிறது.

குழந்தை வழக்கில் இன்னொரு பிடியும் உண்டு. காப்பாளர்கள் மற்றும் சிறார்கள் சட்டம் 9-வது பிரிவின்படி, குழந்தை வழக்கமாக வசிக்கும் இடத்து நீதிமன்றத்துக்கே விசாரிக்கும் அதிகாரம். இரண்டு வருடமாகச் சேலத்தில் இருக்கும் குழந்தைக்குச் சென்னை எப்படிப் பொருந்தும்? இந்த ஆட்சேபணையை எதிருரையில் பதிவு செய்யுங்கள். ஆனால் அதை மட்டும் நம்பி உட்கார வேண்டாம். அதில் ஜெயித்தாலும் அவர் சேலத்தில் புதிதாகத் தொடங்குவார். அதிகார வரம்பு இல்லாத நீதிமன்றத்திலிருந்தும் வழக்கை மாற்ற 24(5) இடம் தருகிறது. அதனால் இடமாற்றமே நேரத்தை மிச்சப்படுத்தும்.

இடமாற்ற மனுவோடு தரும் உறுதிமொழிப் பத்திரமான அபிடவிட்டில் ‘சிரமமாக இருக்கிறது’ என்று மட்டும் எழுதினால் போதாது. சேலத்திலிருந்து சென்னை ஏறத்தாழ 340 கிலோமீட்டர். முந்தைய நாள் ராத்திரி பஸ், காலையில் கோர்ட், மறுபடி ராத்திரி பஸ், அந்த இரண்டு நாளும் மகளை யார் பள்ளிக்குக் கூட்டிப்போவது? இப்படி எழுதுங்கள். டிக்கெட்டுகளை ஒரு தாளில் தேதிவாரியாக ஒட்டி வையுங்கள். பள்ளியில் போனஃபைட் சான்றிதழ் வாங்குங்கள். பெற்றோருக்கு உடம்பு முடியவில்லை என்றால் மருத்துவச் சீட்டு, உங்களுக்கு வருமானம் இல்லை என்றால் அதையும் சொல்லுங்கள். அப்புறம், அப்பா சேலம் வந்து மகளைப் பார்ப்பதில் ஆட்சேபணை இல்லை என்று ஒரு வரி சேருங்கள், மனதார முடிந்தால். குழந்தையை ஒளித்துவைக்க இந்த மனு போடப்படவில்லை என்று அது காட்டும். மகளுக்கும் அது தேவை.

வக்கீல் செலவுக்குப் பயந்து தள்ளிப்போடாதீர்கள். சட்டப்பணிகள் ஆணையச் சட்டம், 1987-இன் 12-வது பிரிவின்படி பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச வக்கீல் கிடைப்பார். சேலம் நீதிமன்ற வளாகத்தில் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. சம்மன், மனு நகல்கள், ஜீவனாம்ச வழக்கு எண், ஆதார் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு அடுத்த சென்னை வாய்தாவுக்கு முன்பே அங்கே போய்விடுங்கள்.