திறொட்டில் சென்சரை மாற்றுவதற்கு முன்: வாசகர் கேள்வி பதில்

2020ஆம் ஆண்டில் தனியார் வாகன இறக்குமதி நிறுத்தப்பட்டு, 2025இல் மீண்டும் அனுமதிக்கப்படும்வரை, வன்னியில் பலர் இருபது, இருபத்தைந்து வருடப் பழைய கார்களையே பேணிப் பாதுகாத்து ஓட்டினார்கள், இன்றும் ஓட்டுகின்றார்கள். இம்முறை வந்த கடிதங்களுள் நான்கு, அத்தகைய கார்களில் அடிக்கடி குற்றஞ்சாட்டப்படும் ஒரே பாகமான திறொட்டில் சென்சரை, அதாவது எஞ்சினுக்குக் காற்று விடும் தகடு எவ்வளவு திறந்திருக்கின்றது என்று எஞ்சின் கணினிக்குச் சொல்லும் பாகத்தை, பற்றியவை என்பதால் அவற்றை ஒன்றாக எடுத்துக்கொள்கின்றேன்.

கேள்வி: ஐயா, என்னிடம் 1997ஆம் ஆண்டு டொயோட்டா கொறொலா 110, ஓட்டோ கியர்க் கார் இருக்கின்றது. கிளிநொச்சியிலிருந்து வவுனியாவுக்கு நோயாளரை ஏற்றி வாடகைக்கு ஓடுகின்றேன். ஏ9 வீதியில் 55 கிலோமீற்றர் வேகத்தில் சீராகப் போகும்போது கார் இழுத்து இழுத்து உதறுகின்றது. அக்சிலேற்றரைச் சற்றுக் கூட்டினாலோ குறைத்தாலோ சரியாகிவிடுகின்றது. சந்தியில் நிற்கும்போது எஞ்சின் ஓட்டம் ஏறி இறங்குகின்றது. ஒரு கராஜில் திறொட்டில் சென்சர் என்கிறார்கள், மற்றதில் பெற்றோல் பம்ப் என்கிறார்கள். கொழும்பிலிருந்து சாமான் எடுப்பித்தால் திருப்பிக் கொடுக்க முடியாது. யாரை நம்புவது?
வாடகைக் கார்ச் சாரதி, கிளிநொச்சி

பதில்: விடையின் பாதி உங்கள் கடிதத்திலேயே இருக்கின்றது. பெற்றோல் பம்ப் களைத்துப்போனாலோ பில்டர் அடைத்துக்கொண்டாலோ, அக்சிலேற்றரை மிதிக்க மிதிக்கக் குறை கூடுமே தவிரக் குறையாது. ஏனெனில் எஞ்சின் கேட்கும் பெற்றோலின் அளவு அப்போதுதான் அதிகரிக்கின்றது. உங்கள் காரிலோ கூட்டினாலும் சரியாகின்றது, குறைத்தாலும் சரியாகின்றது. கால் ஒரு குறிப்பிட்ட இடத்தில் நிற்கும்போது மட்டும் தோன்றும் உதறல், திறொட்டில் சென்சரின் மீது சந்தேகம் கொள்ள நியாயமான காரணமாகும். எனினும் சந்தேகம் வேறு, நிரூபணம் வேறு.

அந்தச் சென்சருக்குள் இருப்பது கரி பூசிய ஓர் ஓடுபாதையும் அதன்மேல் தேய்ந்து செல்லும் ஒரு சிறிய தொடுகையுமே. ஓடுபாதையின் ஒரு முனைக்கு எஞ்சின் கணினி 5 வோல்ற் கொடுக்கின்றது, மறுமுனை எர்த். காற்றை அளந்து விடும் வட்டத் தகட்டின் அச்சுடன் தொடுகையும் சேர்ந்து திரும்புவதால், தகடு மூடியிருக்கையில் குறைந்த வோல்ற்றும் முழுதாகத் திறக்கையில் கூடிய வோல்ற்றும் மூன்றாவது வயரால் கணினிக்குச் செல்கின்றன. பழைய வானொலிப் பெட்டியின் ஒலியைக் கூட்டிக் குறைக்கும் திருகி பழுதாகும்போது கரகரவென்று சத்தம் வருவதை நீங்கள் கேட்டிருப்பீர்கள்; இங்கும் நிகழ்வது அதுவே. நேரான ஏ9 வீதியில் வருடக்கணக்காக ஒரே வேகத்தில் ஓடிய காரில், தொடுகை பெரும்பாலும் நின்று அதிர்ந்த அந்த ஓரிடம் தேய்ந்துவிடுகின்றது. அவ்விடத்தில் சைகை கணப்பொழுது விழும்போது, நீங்கள் காலை எடுத்துவிட்டீர்கள் என்று கணினி எண்ணிப் பெற்றோலை நிறுத்துகின்றது. மறுகணம் சைகை திரும்ப வந்ததும், திடீரென மிதித்துவிட்டீர்கள் என்று எண்ணி அதிகமாக ஊற்றுகின்றது. இதுதான் நீங்கள் உணரும் உதறல். கியர்ப் பெட்டியும் மின்னணுவால் கட்டுப்படுத்தப்படுவதாயின், கியர் மாறும் நேரத்தையும் இதே சைகை குழப்பிவிடும்.

இனி நிரூபணம். உங்கள் காரின் எஞ்சின் அறையில் பரிசோதனைப் பெட்டி (டயக்னோசிஸ் பொக்ஸ்) இருக்குமாயின், அதன் மூடியின் உட்புறத்தில் முனைகளின் பெயர்கள் அச்சிடப்பட்டிருக்கும். எஞ்சினை இயக்காமல், திறப்பை மட்டும் ‘ஒன்’ நிலைக்குத் திருப்பி, ரி.ஈ.1, ஈ.1 என்னும் இரண்டு முனைகளை மட்டும் ஒரு சிறு வயரால் இணையுங்கள். வேறெந்த முனையையும் தொட வேண்டாம். எஞ்சின் எச்சரிக்கை விளக்கு நான்கு முறை மின்னி, சற்று நின்று, ஒரு முறை மின்னினால் அது 41 என்னும் குறியீடு, அதாவது திறொட்டில் சென்சரின் மின்சுற்றில் பிழை. மின்சுற்று என்ற சொல்லைக் கவனிக்கும்படி கேட்டுக்கொள்கின்றேன். சென்சர், அதன் சொக்கெற், வயர்கள், எர்த், கணினி ஆகிய எல்லாம் சேர்ந்ததே மின்சுற்று. அவற்றுள் எது பழுது என்பதைக் குறியீடு சொல்வதில்லை. குறியீடுகளை வாசிக்கும் கருவியான ஸ்கேனர் பொருந்தும் கார்களில் வரும் பி 0120 முதல் பி 0123 வரையான குறியீடுகளுக்கும் இதே விதிதான்.

பிரித்துச் சொல்வது மல்ரிமீற்றர் மட்டுமே. சொக்கெற்றைக் கழற்றாமல், அதன் பின்புறமாக, வயர் நுழையும் துளை வழியே மெல்லிய குண்டூசியைச் செலுத்தி அளவெடுங்கள். வயரின் மேலுறையைக் குத்த வேண்டாம், குத்திய துளையால் ஈரம் புகுந்து செம்பு பச்சை பிடித்துவிடும். திறப்பு ‘ஒன்’ நிலையில், எஞ்சின் இயங்காதிருக்க, சென்சரின் எர்த் வயருக்கும் கொடுப்பு வயருக்கும் இடையில் ஏறக்குறைய 5 வோல்ற் இருக்க வேண்டும். சைகை வயரில், இவ்வகை டொயோட்டாக்களில் தகடு மூடியிருக்கையில் 0.3 முதல் 0.8 வோல்ற் வரையும், முழுதாகத் திறந்திருக்கையில் 3.2 முதல் 4.9 வோல்ற் வரையும் காட்டுவது வழமை. நான்காவது வயர் இருப்பின், அது கால் முற்றாக எடுக்கப்பட்டதைத் தெரிவிக்கும் சுவிச்சுக்குரியது.

இரண்டு முனை அளவுகளும் சரியாக இருப்பதைக் கண்டு ‘சென்சர் நல்லது’ என்று கூறிவிடுவதே கராஜ்களில் நான் அதிகம் காணும் தவறு. பழுது இருப்பது நடுவில். ஆகவே தகட்டின் நெம்பைக் கையால் மிக மெதுவாக, முழுப் பாதையையும் கடக்க அரை நிமிடம் எடுக்கும்படி திறந்து, வோல்ற் தடங்கலின்றி ஏறுகின்றதா என்று பாருங்கள். டிஜிற்றல் மீற்றர் ஒரு நொடிக்குச் சில முறையே இலக்கத்தைப் புதுப்பிப்பதால் கணநேர வீழ்ச்சியைத் தவறவிடக்கூடும். முள் மீற்றர் ஒன்று கிடைக்குமாயின் அதையே பயன்படுத்துங்கள், முள் துடிப்பதைக் கண்ணால் காணலாம். ஒருவர் திறக்கும்போது மற்றவர் ஸ்குரூ ட்ரைவரின் கைப்பிடியால் சென்சரை மெல்லத் தட்டுவதும், கார் ஓடி வந்து எஞ்சின் சூடாக இருக்கும்போதே அளப்பதும் ஒளிந்திருக்கும் பழுதை வெளிக்கொண்டுவரும். உங்கள் உதறல் வரும் அந்தச் சிறு திறப்பில் முள் விழுந்தெழுந்தால், தயக்கமின்றிச் சென்சரை மாற்றலாம்.

மாற்றும்போது முதலில் பற்றறியின் மைனஸ் முனையைக் கழற்றிவிடுங்கள். பழைய சென்சர் இருந்த நிலையைத் திறொட்டில் பொடியில், அதாவது தகட்டைத் தாங்கும் கூட்டில், கோடிட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். அதைப் பிடித்திருக்கும் இரண்டு ஸ்குரூக்களும் யப்பானிய அளவிலானவை. சாதாரண நட்சத்திர ட்ரைவர் அவற்றின் தலையை வழித்துவிடும் என்பதால், சரியாகப் பொருந்தும் ட்ரைவரை வைத்து ஒருமுறை தட்டிய பின்னரே திருப்ப வேண்டும். புதியதை நேராக வைத்து அழுத்தக் கூடாது. சற்றுச் சரிவாக அச்சில் பொருத்தி, சுருள்வில்லின் எதிர்ப்பை உணர்ந்தபடி திருப்பி, ஆணித் துளைகள் நேர்ப்படும்போது பூட்ட வேண்டும். எதிர்ப்பே இல்லாவிட்டால் அது அச்சின் மறுபக்கத்தில் விழுந்துவிட்டது என்று பொருள். துளைகள் நீள்வடிவமாக இருந்தால், பற்றறியை மீண்டும் இணைத்து, மீற்றரைப் பார்த்தபடி மூடிய நிலை வோல்ற்றைச் சரிசெய்து, பின்னர் மென்மையாக இறுக்குங்கள். அருகிலிருக்கும் தகட்டு நிறுத்த ஆணியைத் தொடவே வேண்டாம். தொழிற்சாலையில் வைக்கப்பட்ட அந்த அளவைக் குழப்பினால், எந்தப் புதிய சென்சரும் அதை ஈடுசெய்யாது.

சந்தியில் ஓட்டம் ஏறி இறங்குவதற்குத் தனியான காரணமும் இருக்கலாம். கிரவல் வீதிப் புழுதியும் ஒயில் ஆவியும் சேர்ந்து தகட்டின் விளிம்பில் கரியாகப் படிந்திருக்கும். அதைத் துணியில் கிளீனர் நனைத்துத் துடையுங்கள். சென்சர் இருக்கும் பக்கம் நேரடியாக அடித்தால் திரவம் உள்ளே புகுந்து, நல்லதாக இருந்த ஓடுபாதையையும் கெடுத்துவிடும்.

கேள்வி: ஐயா, எங்கள் காரில் திறொட்டில் சென்சரை இரண்டு முறை புதிதாக மாற்றிவிட்டோம். இரண்டு கிழமையில் பழைய குறை திரும்பி வருகின்றது. வீடு கடற்கரைக்கு அருகில். போலிச் சாமானா?
தாதி, முல்லைத்தீவு

பதில்: இரண்டும் போலியாக இருப்பதைவிட, இரண்டுமே நல்லவையாக இருந்திருப்பதற்கே வாய்ப்பு அதிகம். புதிய சென்சரைப் பூட்டும்போது சொக்கெற் கழற்றி மாட்டப்படுகின்றது; அந்த உரசலில் முனைகளின் களிம்பு சற்று நீங்கிச் சில நாட்கள் நன்றாக ஓடும், பிறகு உப்புக்காற்று மறுபடியும் தன் வேலையைச் செய்யும். பல வருடங்களுக்கு முன் பரந்தனில் ஒரு நண்பரின் வானில் நானும் இதே பிழையைச் செய்து, தேவையற்ற ஒரு சென்சருக்கு அவரைப் பணம் செலவழிக்க வைத்தேன். இறுதியில் எஞ்சின் உடலில் பூட்டியிருந்த எர்த் வயரின் துருப்பிடித்த ஆணியே காரணம் என்று கண்டபோது அடைந்த வருத்தத்தால்தான் இன்றும் இதை வற்புறுத்துகின்றேன்.

எஞ்சினை இயக்கி, முன்விளக்கையும் காற்றாடியையும் போட்டுவிட்டு, சென்சரின் எர்த் வயருக்கும் பற்றறியின் மைனஸ் முனைக்கும் இடையிலுள்ள வோல்ற்றை அளக்கச் சொல்லுங்கள். 0.1 வோல்ற்றுக்கு மேல் காட்டினால் எர்த் பாதை கெட்டிருக்கின்றது. 5 வோல்ற் கொடுப்பு குறைந்திருந்தால், அதே கொடுப்பைப் பகிரும் வேறு சென்சர்களை ஒவ்வொன்றாகக் கழற்றிப் பார்க்க வேண்டும். அவற்றுள் ஒன்று உள்ளே ஷோட் ஆகியிருந்தாலும் பழி திறொட்டில் சென்சர் மீதே விழும். சொக்கெற்றின் முனைகளில் பச்சை படிந்திருந்தால், மின் தொடுகைகளுக்குரிய கிளீனரால் சுத்தஞ்செய்து, தளர்ந்த முனைகளை மாற்றுவதே தீர்வு. வயர்களை வழி நெடுகத் தொட்டுப் பார்ப்பதும் அவசியம். பெரும்போக அறுவடைக்குப் பின் நெல் மூட்டை அடுக்கிய கொட்டிலில் காரையும் நிறுத்துபவர்கள் நம்மில் பலர். அங்கு வரும் எலி வயரையும் கடிக்கும்.

கேள்வி: ஐயா, எனது டொயோட்டா அக்சியோ திடீரென இழுவையை இழந்து மெதுவாக மட்டுமே ஓடுகின்றது. ஸ்கேனரில் பி 2135 காட்டுகின்றது. சென்சரை மட்டும் வாங்கி மாற்றலாமா?
அரச அலுவலர், வவுனியா

பதில்: மாற்ற முடியாது. உங்கள் காரில் அக்சிலேற்றர் கேபிள் இல்லை. தகட்டை ஒரு மோட்டார் திறக்கின்றது, அதன் நிலையை இரண்டு சென்சர்கள் ஒரே நேரத்தில் அறிவிக்கின்றன. இரண்டும் ஒன்றுக்கொன்று ஒவ்வாத விடை சொல்வதையே இக்குறியீடு குறிக்கின்றது. அந்நிலையில் கணினி பாதுகாப்புக்காக இழுவையை வெட்டிவிடுகின்றது. சென்சர்கள் திறொட்டில் பொடியுடன் ஒன்றாக அமைந்தவை என்பதால், பழுது உறுதியானால் பொடி முழுவதையும் மாற்ற வேண்டும். அதற்கு முன், மேலே சொன்ன எர்த், சொக்கெற் பரிசோதனைகளைக் கட்டாயம் செய்விக்கவும். குறியீடு பி 2138 ஆக இருந்திருந்தால் பிழை காலடியிலுள்ள அக்சிலேற்றர் பெடலின் சென்சர் பக்கம், திறொட்டில் பொடிக்கு அதில் சம்பந்தமில்லை. திறப்பு ‘ஒன்’ நிலையில் இருக்கும்போது தகட்டுக்குள் விரலை வைக்க எவரையும் அனுமதிக்காதீர்கள். மோட்டார் அதை மூடும் வேகத்தில் விரல் நசுங்கும். புதிய பொடி பூட்டிய பின், அந்தக் காருக்குரிய முறைப்படி ஐட்லிங் நிலையைக் கணினிக்குக் கற்பிக்கவும் வேண்டும்.

கேள்வி: ஐயா, கேபிள் உள்ள பழைய காரில் சென்சர் பழுது என்று மீற்றரால் உறுதியாகிவிட்டது. சாமான் வர ஒரு கிழமை ஆகும். அதுவரை ஒட்டுசுட்டான் பாடசாலைக்குப் போய்வரலாமா? பாவித்த சாமான் வாங்கலாமா?
ஆசிரியை, மாங்குளம்

பதில்: இலேசான உதறல் மட்டுமென்றால், முன்னே செல்லும் வாகனங்களை முந்தாமல், பகலில் போய்வரலாம். நிற்கும்போதோ காலை எடுக்கும்போதோ எஞ்சின் நின்றுவிடுகின்றதென்றால் போக வேண்டாம், சகோதரி. எஞ்சின் நின்றால் ஸ்ரியரிங் இறுகிவிடும், பிறேக்கும் இரண்டொரு மிதிப்புக்குப் பின் இறுகி, மிகப் பலமாக மிதித்தால் மட்டுமே பிடிக்கும், அந்தக் காட்டு வீதியில் பொழுதுபட்ட பின் யானையும் குறுக்கே நிற்கலாம். சொக்கெற்றைக் கழற்றிவிட்டால் கணினி ஓர் உத்தேச அளவை வைத்து ஓடும். அப்போது கார் மந்தமானாலும் உதறல் நின்றுவிட்டால், சென்சர்தான் குற்றவாளி என்பதற்கு அது இன்னொரு சாட்சி. எனினும் அப்படியே நாட்கணக்கில் ஓட்டுவது பெற்றோலை விழுங்கும்.

பாவித்த சாமானை வாங்குவதில் தவறில்லை. கொழும்பு பஞ்சிகாவத்தைக் கடைகளில் யப்பானிய மூலச் சென்சர்கள் கிடைக்கின்றன. டொயோட்டாவாயின் 89452 எனத் தொடங்கும் பாக இலக்கத்தைப் பழைய சென்சரின் உடலிலிருந்து எழுதி அனுப்புங்கள், ஒத்த தோற்றத்தை மட்டும் நம்ப வேண்டாம். வாங்கச் செல்பவரிடம் ஒரு மீற்றரையும் கொடுத்துவிடுங்கள். கடையிலேயே எர்த் முனைக்கும் சைகை முனைக்கும் இடையிலான மின்தடையை, அச்சை மெதுவாகத் திருப்பியபடி, தடங்கலின்றி மாறுகின்றதா என்று பார்த்த பின்னரே பணத்தைக் கொடுக்கச் சொல்லுங்கள்.