ஒரே பந்தோபஸ்து, இரண்டு கூலி: ஊர்க்காவல் படையினர் எதைக் கேட்கலாம்?

கேள்வி: மன்னார்குடியில் 8 வருடமாக ஊர்க்காவல் படையில் இருக்கிறேன். ராஜகோபால சுவாமி கோயில் பங்குனித் திருவிழா, திருவாரூர் ஆழித்தேர், பேருந்து நிலையப் போக்குவரத்து என்று எங்கே போட்டாலும் இரண்டாம் நிலைக் காவலர் ஒருவரோடுதான் நிற்கிறேன். நேரமும் ஒன்று, வேலையும் ஒன்று. எனக்கு நாள் படி 560 ரூபாய். மாதத்தில் 10 நாள்தான் கணக்கில் வரும். திருவிழா மாதத்தில் அதற்கு மேலும் நிற்கச் சொல்கிறார்கள், அதற்குப் பணம் இல்லை. காவலருக்கு இணையான சம்பளமும் பணி நிரந்தரமும் கேட்டு வழக்குப் போடலாமா?
(பெயர் வெளியிட விரும்பாத வாசகர், மன்னார்குடி)

பதில்: போடலாம். ஆனால் பணி நிரந்தரம் என்ற கோரிக்கையை மனுவிலிருந்து எடுத்துவிடுங்கள். இது உங்கள் மீதுள்ள அக்கறையால் சொல்வது. நிரந்தரத்தைச் சேர்த்தால் அரசுத் தரப்பு அதை மட்டும் பிடித்துக்கொண்டு, “இது தன்னார்வப் படை, இவர்கள் அரசு ஊழியர்களே அல்ல” என்று வாதிடும். கூலி பற்றிய உங்கள் நியாயம் அதில் அமுங்கிப் போகும்.

உங்களுக்கு நேரடியாகப் பொருந்தும் தீர்ப்பு ஒன்று இருக்கிறது. இமாச்சலப் பிரதேசம், பஞ்சாப், டெல்லி ஊர்க்காவல் படையினர் தொடர்ந்த வழக்குகளில் 2015 மார்ச் மாதம் உச்ச நீதிமன்றம் தந்தது. அங்கும் நிரந்தரம் கேட்டார்கள், நீதிமன்றம் மறுத்துவிட்டது. ஆனால் போலீஸ்காரர்கள் செய்யும் வேலையை இவர்களிடம் வாங்குவதையும், பணியில் இருக்கும்போது அவர்களுக்குள்ள அதிகாரம் இவர்களுக்கும் இருப்பதையும் நீதிமன்றம் கவனித்தது. அதனால் 30 நாள் படியைக் கூட்டினால், அந்த மாநிலக் காவலருக்கு உரிய குறைந்தபட்ச மாதச் சம்பளம் வர வேண்டும் என்று உத்தரவிட்டது. “அது மற்ற மாநிலங்களுக்கான உத்தரவு” என்று இங்கே சொல்வார்கள். உச்ச நீதிமன்றம் வகுத்த சட்டம் அரசமைப்பின் 141ஆவது பிரிவின்படி நாடு முழுவதையும் கட்டுப்படுத்தும் என்பதே அதற்குப் பதில்.

சரி, கணக்குக்கு வருவோம். தமிழ்நாட்டில் இரண்டாம் நிலைக் காவலரின் தொடக்க அடிப்படைச் சம்பளம் 18,200 ரூபாய். முப்பதால் வகுத்தால் 606 ரூபாய் சொச்சம். 560-க்கும் இதற்கும் பெரிய வித்தியாசம் இல்லையே என்று தோன்றும். இங்கேதான் பலர் கோட்டை விடுகிறார்கள். அகவிலைப்படி இல்லாமல் எந்தக் காவலரும் சம்பளம் வாங்குவதில்லை. எனவே குறைந்தபட்சச் சம்பளம் என்பதில் அகவிலைப்படியும் அடங்கும் என்று மனுவிலேயே தெளிவாகக் கேளுங்கள். ஆண்டு ஊதிய உயர்வையும் வீட்டு வாடகைப்படியையும் எதிர்பார்க்காதீர்கள். 8 வருடம் பணி செய்த காவலரின் சம்பளச் சீட்டை உங்கள் படியோடு ஒப்பிடுவதும் செல்லாது. புதிதாகச் சேர்ந்த காவலர்தான் அளவுகோல்.

இந்த உரிமையின் வேர் ஒரு போலீஸ்காரர் போட்ட வழக்கில்தான் இருக்கிறது. டெல்லி காவல்துறையில் வண்டி ஓட்டிய ரந்தீர் சிங் என்ற காவலர், ரயில்வே பாதுகாப்புப் படை ஓட்டுநருக்கு 260-400 ரூபாய் ஊதிய விகிதம் இருக்கும்போது தனக்கு மட்டும் ஏன் குறைவு என்று கேட்டார். துறை வேறு என்றது அரசு. வேலையும் பொறுப்பும் ஒன்றாக இருக்கும்போது துறை வேறு என்பது மட்டும் போதாது என்று 1982இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. சம வேலைக்குச் சம ஊதியம் என்ற அரசமைப்பின் 39(ஈ) நெறியை, சமத்துவம் தரும் 14, 16ஆம் பிரிவுகளோடு சேர்த்துப் படித்து, 1973 ஜனவரி 1 முதலே அந்த விகிதத்தைத் தரச் சொன்னது. அப்புறம் 2016இல், பஞ்சாபின் ஜக்ஜித் சிங் வழக்கில், தற்காலிகப் பணியாளருக்கும் நிரந்தரப் பணியாளரின் குறைந்தபட்ச விகிதம் உண்டு என்றது. குறைந்த கூலிக்கு யாரும் மனம் ஒப்பி வேலை செய்வதில்லை, குடும்பத்துக்காகத் தன்மானத்தை விட்டுச் செய்கிறார்கள் என்ற கருத்தும் அதில் இருக்கிறது. உங்கள் கடிதத்தைப் படித்தபோது எனக்கு அந்த வரிகள்தான் நினைவுக்கு வந்தன.

அதே தீர்ப்பு ஒரு சுமையையும் வைக்கிறது. வேலை ஒன்றுதான் என்று நிரூபிக்க வேண்டியவர் நீங்கள். “காவலருக்குத் தேர்வு வேறு, பயிற்சி வேறு, எங்கு வேண்டுமானாலும் மாற்றலாம்” என்று எதிர்த்தரப்பு அடுக்கும். அதற்கு வாய்ப்பேச்சு உதவாது, காகிதம் வேண்டும். உங்கள் டூட்டி பாஸ்போர்ட் (பணிக்கு அனுப்பும்போது தரும் சீட்டு), பந்தோபஸ்து உத்தரவில் உங்கள் பெயரும் காவலர் பெயரும் ஒரே இடத்துக்கு எழுதப்பட்ட பக்கம், படி வரவான வங்கிக் கணக்கு விவரம் எல்லாவற்றையும் சேருங்கள். கையில் இல்லாததைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள், 30 நாளில் பதில் தர வேண்டும். பாதுகாப்பு ஏற்பாடு முழுவதையும் கேட்டால் மறுத்துவிடுவார்கள். “நான் பணி செய்த நாட்கள், எனக்குப் பணம் வழங்கிய நாட்கள்” என்று உங்களைப் பற்றி மட்டும் கேளுங்கள்.

பணமே வராத கூடுதல் நாட்களைத் தனிக் கோரிக்கையாக எழுதுங்கள். என் பார்வையில் உங்கள் வழக்கில் வலுவான பகுதி அதுதான். வேலை வாங்கிவிட்டுக் கூலி தராமல் இருப்பதற்கு எந்த விதியும் துணை நிற்காது.

முதலில் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கும் உள்துறைச் செயலாளருக்கும் ஒப்புகையுடன் விரைவுத் தபாலில் (ஸ்பீட் போஸ்ட்) மனு அனுப்புங்கள். இரண்டு மூன்று மாதத்தில் பதில் இல்லையென்றால் அரசமைப்பின் 226ஆம் பிரிவில் உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். தள்ளிப்போடாதீர்கள். சம்பளக் குறைவு மாதந்தோறும் தொடரும் பாதிப்பு என்பதால் காலதாமதம் வழக்கைக் கொல்லாது, ஆனால் நிலுவை பொதுவாக வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று வருடத்துக்குத்தான் கிடைக்கும். தாமதிக்கும் ஒவ்வொரு மாதமும் உங்கள் கையிலிருந்து போகிறது.

தனியாகப் போனால் படையில் மறுபதிவு கிடைக்காதோ என்ற பயம் வரலாம். நியாயமான பயம்தான். நான்கைந்து பேராகச் சேர்ந்து போங்கள். ஆனால் கூட்டாளிகள் எந்த மாவட்டம் என்று பாருங்கள். திருவாரூர், நாகை, மயிலாடுதுறை வழக்குகள் சென்னைக்குப் போகும். தஞ்சாவூர், திருச்சி வழக்குகள் மதுரைக் கிளைக்குப் போகும். பக்கத்து ஊர் என்று ஒரத்தநாட்டு நண்பரை உங்கள் மனுவில் சேர்த்தால் மனுவுக்கு வழக்கு எண் கொடுக்கும் கட்டத்திலேயே திருப்பிவிடக்கூடும். அவர் மதுரையில் தனியாகப் போடட்டும், நீங்கள் சென்னையில் போடுங்கள்.