நாற்பது சர்வரும் நல்லா இருக்கா? கோடு (code) வழியே கேட்பவர்களுக்குப் பதில்கள்

இந்த முறை வந்த கேள்விகள் பெரும்பாலும் ஒரே ரகம். அமேசான் ஏடபிள்யூஎஸ்ஸில் (அமேசானின் வாடகை சர்வர் சேவை) கூட்டமாக ஓடும் சர்வர்களின் ஹெல்த் நிலையை, கன்சோலில் கிளிக் பண்ணாமல், கோடு எழுதி எடுப்பது எப்படி? கேட்டவர்களில் பலர் பைத்தானில் போட்டோ3 (boto3, ஏடபிள்யூஎஸ்ஸைப் பைத்தானிலிருந்து கூப்பிடும் லைப்ரரி) பயன்படுத்துகிறவர்கள். அதனால் அந்தப் பெயர்களிலேயே பதில் சொல்கிறேன்.

கேள்வி: அண்ணா, எங்களிடம் நாற்பது ஈசி2 (ஏடபிள்யூஎஸ்ஸின் வாடகை சர்வர்) சர்வர் இருக்கிறது. எல்லாவற்றுக்கும் 'பில்லிங்' என்று டேக் (அடையாளச் சீட்டு) போட்டிருக்கிறோம். சர்வர் நிலையைக் கேட்கும் டிஸ்க்ரைப் இன்ஸ்டன்ஸ் ஸ்டேட்டஸில் டேக் ஃபில்டர் கொடுத்தால் எரர் அடிக்கிறது. ஒரே அழைப்பில் எடுக்க வழி உண்டா?

பதில்: ஒரே அழைப்பில் வராது தம்பி. அந்த அழைப்புக்கு டேக் ஃபில்டரே கிடையாது. முதலில் சர்வர் பட்டியலைத் தரும் டிஸ்க்ரைப் இன்ஸ்டன்சஸில் டேகைக் கொடுத்து ஐடிகளை வாங்குங்கள். அப்புறம் அந்த ஐடிகளை ஸ்டேட்டஸ் அழைப்புக்குக் கொடுங்கள். ஒரு தடவைக்கு 100 ஐடி வரைதான் ஏற்கும். உங்களுக்கு நாற்பதுதான், கவலையில்லை.

இதில் ஒரு பொறி இருக்கிறது. சும்மா கூப்பிட்டால் ஓடிக்கொண்டிருக்கும் சர்வர்கள் மட்டும்தான் பதிலில் வரும். மூன்று சர்வர் நின்றுபோயிருந்தால், '37 சர்வர், 37-ம் ஓகே' என்று உங்கள் ஸ்கிரிப்ட் பச்சை விளக்கு காட்டும். நின்ற மூன்றைப் பற்றி மூச்சே இருக்காது. 'இன்க்ளூட் ஆல் இன்ஸ்டன்சஸ்' என்பதை ட்ரூ என்று வைத்தால் அவையும் வரும். எப்படியும், கொடுத்த ஐடிகளின் எண்ணிக்கையையும் வந்த பதில்களின் எண்ணிக்கையையும் ஒப்பிட ஒரு வரி எழுதிவிடுங்கள்.

பதிலில் சிஸ்டம் ஸ்டேட்டஸ், இன்ஸ்டன்ஸ் ஸ்டேட்டஸ் என்று முக்கியமாக இரண்டு தனித்தனியாக வரும். முதலாவது கெட்டால் கோளாறு அமேசானின் பக்கம்: அடியில் இருக்கும் வன்பொருள், மின்சாரம், நெட்வொர்க். இரண்டாவது கெட்டால் கோளாறு பெரும்பாலும் உங்கள் பக்கம்: மெமரி தீர்ந்திருக்கும், ஃபைல் சிஸ்டம் கெட்டிருக்கும், நெட்வொர்க் அமைப்பு தப்பாக இருக்கும். இரண்டையும் கூட்டி 'ஓகே / ஓகே இல்லை' என்று ஒரே வரியாக்கிவிடாதீர்கள். ராத்திரி இரண்டு மணிக்கு யாரை எழுப்புவது என்பது அந்த வித்தியாசத்தில்தான் இருக்கிறது.

கேள்வி: சார், நீங்கள் சொல்லும் இரண்டு ஸ்டேட்டஸும் ஓகே என்றுதான் வருகிறது. ஆனால் சைட்டைத் திறந்தால் 502 (பின்னாலிருக்கும் சர்வரிடமிருந்து சரியான பதில் வரவில்லை என்ற எரர்). யார் பொய் சொல்கிறார்கள்?

பதில்: யாரும் பொய் சொல்லவில்லை. சர்வர் உயிரோடு இருக்கிறது, அவ்வளவுதான். அதற்குள் உங்கள் ஆப் வேலை செய்கிறதா என்று ஈசி2 பார்ப்பதே இல்லை. அதை அவ்வப்போது தட்டிப் பார்ப்பது (ஹெல்த் செக்) லோட் பேலன்சர், அதாவது வரும் கோரிக்கைகளைச் சர்வர்களுக்குப் பங்கிடுவது. எனவே போட்டோ3-இல் லோட் பேலன்சருக்கான ஈஎல்பிவி2 கிளையன்ட்டில் டிஸ்க்ரைப் டார்கெட் ஹெல்த்தைக் கூப்பிட்டு, டார்கெட் குரூப்பின் (அது பங்கிடும் சர்வர்களின் கூட்டம்) ஏஆர்என் (முழு அடையாளப் பெயர்) கொடுங்கள். குரூப்பில் இருக்கும் ஒவ்வொன்றுக்கும் ஸ்டேட் என்று ஒரு மதிப்பு வரும்: இனிஷியல், ஹெல்தி, அன்ஹெல்தி, அன்யூஸ்டு, டிரெயினிங் இப்படி.

நிறைய பேர் ஸ்டேட்டை மட்டும் பிரின்ட் பண்ணிவிட்டு நிறுத்திக்கொள்கிறார்கள். சரக்கு அதற்குப் பக்கத்தில் இருக்கும் ரீசனிலும் டிஸ்க்ரிப்ஷனிலும்தான் இருக்கிறது. 'டார்கெட் டைம்அவுட்' என்றால் பதிலே வரவில்லை. செக்யூரிட்டி குரூப்பையும் (சர்வரின் ஃபயர்வால்), ஆப் திணறுகிறதா என்பதையும் பாருங்கள். 'ரெஸ்பான்ஸ் கோட் மிஸ்மேட்ச்' என்றால் பதில் வந்தது, ஆனால் எதிர்பார்த்த எண் இல்லை. அந்த எண்ணை டிஸ்க்ரிப்ஷனே அடைப்புக்குறிக்குள் காட்டிவிடும். அங்கே 302 என்று இருந்தால் கதை அநேகமாக இதுதான்: ஹெல்த் செக் முகப்புப் பக்கத்தைத் தட்டுகிறது, ஆப் அதை லாகின் பக்கத்துக்குத் திருப்பிவிடுகிறது, லோட் பேலன்சரோ 200-ஐ ('சரி' என்ற எண்) எதிர்பார்த்து நிற்கிறது. இதற்கு 200 முதல் 399 வரை எல்லாம் சரி என்று மாற்றிவைப்பவர்கள் உண்டு. எனக்கு அது பிடிக்காது. லாகின் கேட்காத ஒரு தனிப் பாதை வைத்து அதைத் தட்டச் சொல்லுங்கள்.

கேள்வி: என் ஸ்கிரிப்ட் குரூப்பில் இருக்கும் எல்லாமே அன்ஹெல்தி என்கிறது. ஆனால் சைட் ஜோராக ஓடுகிறது! ஸ்கிரிப்டில் பக் இருக்குமோ?

பதில்: இருக்க வாய்ப்பு குறைவு. அப்ளிகேஷன் லோட் பேலன்சரின் (வெப்சைட்டுகளுக்கான வகை) குணமே அது. குரூப்பில் ஒன்றாவது ஹெல்தியாக இருந்தால் அதற்கு மட்டும் அனுப்பும். எல்லாமே அன்ஹெல்தி என்றால், சும்மா இருப்பதைவிட முயன்று பார்க்கலாம் என்று எல்லாவற்றுக்கும் அனுப்பும். ஆக, உங்கள் ஹெல்த் செக் பாதைதான் தப்பு. ஓடுகிறதே என்று விட்டுவிடாதீர்கள். நாளைக்கு ஒரு சர்வர் நிஜமாகவே விழுந்தால், அதற்கும் டிராஃபிக் போய்க்கொண்டேதான் இருக்கும்.

கேள்வி: ஆட்டோ ஸ்கேலிங் குரூப் (சர்வர் எண்ணிக்கையைத் தானே கூட்டிக் குறைப்பது) புது சர்வரை எழுப்புகிறது, கொஞ்ச நேரத்தில் தானே கொன்றுவிடுகிறது, மறுபடி எழுப்புகிறது. எங்கள் ஜாவா ஆப் முழுதாக எழ நாலு நிமிடம் ஆகும்.

பதில்: அந்த நாலு நிமிடம்தான் விஷயம். டிஸ்க்ரைப் ஆட்டோ ஸ்கேலிங் குரூப்ஸின் பதிலில் ஹெல்த் செக் டைப்பையும் ஹெல்த் செக் கிரேஸ் பீரியடையும் (புது சர்வரின் சோதனை முடிவைக் கண்டுகொள்ளாத ஆரம்ப அவகாசம்) பாருங்கள். டைப் ஈஎல்பி (லோட் பேலன்சர் சொல்வதை நம்புவது), கிரேஸ் 0 என்று இருக்கும், பந்தயம். கன்சோலில் உருவாக்கினால் கிரேஸ் தானாக 300 நொடி. ஏபிஐ (கோடு கூப்பிடும் வழி) வழியாகவோ கமாண்ட் லைனிலோ உருவாக்கினால், நீங்கள் சொல்லாதவரை 0. ஆப் எழுவதற்குள் லோட் பேலன்சர் அன்ஹெல்தி என்கிறது, குரூப் அதை நம்பிக் கொல்கிறது. 300 வையுங்கள், அடங்கிவிடும்.

கேள்வி: ஸ்கிரிப்டை நொடிக்கொரு தடவை ஓட்டலாமா?

பதில்: எதற்கு? அப்ளிகேஷன் லோட் பேலன்சர் இயல்பாகத் தட்டிப் பார்ப்பதே 30 நொடிக்கு ஒருமுறை. ஈசி2 சோதனை நிமிடத்துக்கு ஒருமுறை. நடுவில் கேட்டால் பழைய பதிலே திரும்ப வரும், கூடவே திராட்லிங் (அளவுக்கு மீறிக் கேட்டதற்கான தடை) எரரும். உடனடித் தகவல் வேண்டுமென்றால் கிளவுட்வாட்சில் (ஏடபிள்யூஎஸ்ஸின் கண்காணிப்புச் சேவை) 'அன்ஹெல்தி ஹோஸ்ட் கவுன்ட்' மீது அலாரம் வையுங்கள். அலாரம் அடித்த பிறகு ரீசனை எடுக்க உங்கள் ஸ்கிரிப்ட் ஓடட்டும்.

கேள்வி: அமேசானே படுத்துவிட்டதா என்று கோடு வழியே தெரிந்துகொள்ள ஹெல்த் ஏபிஐயைக் கூப்பிட்டேன். 'சப்ஸ்கிரிப்ஷன் ரிகொயர்டு' என்று திட்டுகிறது.

பதில்: அடிப்படை சப்போர்ட்டில் இருப்பீர்கள். அந்த ஏபிஐக்கு மேல்படி சப்போர்ட் திட்டம் வேண்டும். ஆனால் அதே ஹெல்த் நிகழ்வுகள் ஈவென்ட்பிரிட்ஜுக்கு (நிகழ்வுகளைப் பிடித்து வேறிடம் அனுப்பும் சேவை) வந்து விழும். அதற்குச் சப்போர்ட் திட்டம் தேவையில்லை. ஒரு ரூல் போட்டு உங்கள் குழுவின் சாட்டுக்குத் திருப்பிவிடுங்கள்.

ஒன்று சொல்லிவைக்கிறேன். 2025 அக்டோபர் 20 அன்று வட வர்ஜீனியா ரீஜனில் டைனமோடிபியின் (அமேசானின் டேட்டாபேஸ் சேவை) டிஎன்எஸ் (பெயரை முகவரியாக மாற்றும் அமைப்பு) கோளாறில் தொடங்கிய பெரிய முடக்கத்தில், ஹெல்த் செக்கே பிரச்சினையைப் பெருக்கியது. புதிதாக எழுந்த சர்வர்களுக்கு நெட்வொர்க் அமைப்பு முழுதாகப் போய்ச்சேரும் முன்பே அவை வேலைக்கு வந்துவிட்டன. நெட்வொர்க் லோட் பேலன்சரின் (இன்னொரு வகை லோட் பேலன்சர்) சோதனை ஒரு நிமிடம் தோற்கும், அடுத்த நிமிடம் தேறும். அதைப் பார்த்து லோட் பேலன்சர் அமைப்பு நல்ல சர்வர்களையும் சேர்த்து விலக்கிக்கொண்டிருந்தது. கடைசியில் அமேசான் பொறியாளர்களே அந்தத் தானியங்கி விலக்கலை நிறுத்திவைத்தார்கள். உங்கள் ஸ்கிரிப்டும் 'அன்ஹெல்தி என்றால் ரீபூட்' என்று தானாகக் கை வைக்கிறதென்றால், ஒரே நேரத்தில் பாதிக்கு மேல் அன்ஹெல்தியாகத் தெரிந்தால் எதையும் தொடாமல் ஆளைக் கூப்பிடும்படி எழுதுங்கள்.

கேள்வி: நாங்கள் அஷூர்காரர்கள் (மைக்ரோசாஃப்டின் கிளவுட்). எங்களுக்கு ஒன்றும் இல்லையா?

பதில்: உங்களுக்கு இந்த ஒரு விஷயத்தில் வேலை சுலபம். ரிசோர்ஸ் கிராஃபில் (அஷூரில் இருப்பதையெல்லாம் தேடும் சேவை) 'ஹெல்த்ரிசோர்சஸ்' என்று ஒரு டேபிள் இருக்கிறது. ஒரே குவெரியில் பல சப்ஸ்கிரிப்ஷன்களின் மெஷின்களையும் எடுத்துவிடலாம். 'அன்நோன்' என்று வந்தால் அதைக் கெட்டதாகவும் எண்ண வேண்டாம், நல்லதாகவும் எண்ண வேண்டாம். கொஞ்ச நேரமாகத் தகவல் வரவில்லை என்று மட்டும் அர்த்தம்.

கேள்வி: அக்கவுன்ட் பாதுகாப்புக்காக, இந்த டிஸ்க்ரைப் அனுமதியை ஒரே ஒரு டார்கெட் குரூப்புக்கு மட்டும் சுருக்கித் தரச் சொல்கிறார் எங்கள் செக்யூரிட்டி அக்கா. பாலிசியில் (அனுமதிகளைச் சொல்லும் கோப்பு) ஏஆர்என் போட்டால் அக்செஸ் டினைடு வருகிறது.

பதில்: டிஸ்க்ரைப் டார்கெட் ஹெல்த்துக்கு ஏஆர்என் அளவில் சுருக்க வழியில்லை. ரிசோர்ஸ் இடத்தில் நட்சத்திரக் குறிதான் (*, அதாவது 'எல்லாம்') போட்டாக வேண்டும். அக்காவிடம் இது படிக்க மட்டுமேயான அனுமதி, எதையும் மாற்றாது என்று சொல்லுங்கள். அப்படியும் ஒத்துக்கொள்ளவில்லை என்றால் அந்த ஆப்பைத் தனி அக்கவுன்ட்டுக்குப் பிரிப்பதுதான் வழி.