கேள்வி பதில்: ஜி. அரவிந்தன் என்னும் மலையாளக் கலைஞர்

கார்ட்டூன் வரைந்தவர் எப்படித் திரைப்பட இயக்குநர் ஆனார்?

மாத்ருபூமி வார இதழில் 1961 முதல் 'சிறிய மனிதர்களும் பெரிய உலகமும்' என்ற தொடரை அவர் பல ஆண்டுகள் வரைந்தார். அதில் வரும் ராமு வேலை தேடி அலையும் நேர்மையான இளைஞன். வாரங்கள் செல்லச் செல்ல அவனுக்கு வயது கூடுகிறது, மனசாட்சி தேய்கிறது. மனிதன் மெல்ல மாறுவதைப் பொறுமையாகக் கவனிக்கும் பழக்கம் அங்கேயே அமைந்துவிட்டது. முதல் படம் 'உத்தராயணம்' 1974இல் வந்தது.

வருமானத்துக்கு என்ன செய்தார்?

ரப்பர் வாரியத்தில் அதிகாரியாக இருந்தார். வீட்டுச் செலவைச் சம்பளம் பார்த்துக்கொண்டதால் சந்தைக்காகப் படம் எடுக்கும் கட்டாயம் அவருக்கு வரவில்லை. படச்செலவு வேறு கணக்கு. கொல்லத்து முந்திரி வணிகர் ரவி, 'காஞ்சன சீதை', 'தம்பு', 'கும்மாட்டி' உள்ளிட்ட படங்களைத் தயாரித்தார். அப்படி ஒரு தயாரிப்பாளர் அமைவது பெரும் பேறு.

ஐயா, அவர் படங்கள் மெதுவாக நகர்கின்றனவே! எதிலிருந்து தொடங்கலாம்?

'தம்பு' (1978) பாருங்கள், தம்பி. பாரதப்புழைக் கரையில் உள்ள திருநாவாயாவுக்கு ஒரு சர்க்கஸ் குழு வருகிறது, கூடாரம் போடுகிறது, போய்விடுகிறது. கதை அவ்வளவுதான். உண்மையான சர்க்கஸ் கலைஞர்களை அழைத்து வந்து ஆடச் சொல்லி, பார்க்க வந்த ஊராரின் முகங்களைப் படம்பிடித்தார். அவர்களில் பலர் அதுவரை சர்க்கஸே பார்த்ததில்லை. சற்று நேரத்தில் விளக்கையும் கேமராவையும் மறந்துவிட்டார்கள். ஷாஜி என். கருணின் கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவில் அந்த வியப்பு அப்படியே இருக்கிறது. எத்தனை முறை பார்த்தாலும் அந்த முகங்களிடம் நான் தோற்றுப்போகிறேன். மீட்டெடுத்த பிரதி 2022இல் கான் விழாவில் திரையிடப்பட்டது.

ராமாயணத்தை அவர் மாற்றிவிட்டதாகச் சொல்கிறார்களே?

'காஞ்சன சீதை'யில் ராமனாகவும் லட்சுமணனாகவும் ஆந்திரத்துப் பழங்குடியினர் நடித்தார்கள். சீதை உருவமாக வருவதே இல்லை. காற்றாகவும் இலையசைவாகவும் ஆறாகவும் இருக்கிறாள். எனக்கு அது பக்தியின் உச்சம்.

தமிழ்நாட்டோடு தொடர்பு உண்டா?

உண்டு. 'சிதம்பரம்' (1985), மூணாறுப் பக்கத்து மாட்டுப்பண்ணையில் தொடங்கித் தில்லைக் கோயிலில் முடிகிறது. குற்றவுணர்ச்சியோடு அலையும் சங்கரனாகக் கோபி, சிவகாமியாக ஸ்மிதா பாட்டீல். சிறந்த படத்துக்கான தேசிய விருது பெற்றது.

இசையும் அமைத்தாராமே?

ஆம், 'யாரோ ஒராள்' படத்துக்கு. மேடை நாடகமும் இயக்கினார். நாடகாசிரியர் காவாலம் நாராயணப் பணிக்கரின் 'அவனவன் கடம்ப'வைத் திறந்தவெளியில் மரங்களுக்கிடையே நிகழ்த்திக் காட்டினார். 1991இல் மறைந்தபோது வயது ஐம்பத்தாறுதான்.