ஸ்டூடியோ படுதா ஏமாற்று வேலையா?

"பழைய ஸ்டூடியோ படங்களில் மாடிப்படி, தூண், பூங்கா வரைந்த திரைக்கு முன்னால் நிற்கிறார்களே, இல்லாத பவிசைக் காட்டத்தானே?" என்று கேட்டிருக்கிறீர்கள். உங்கள் வீட்டிலும் தாத்தா பாட்டி படம் அப்படி ஒன்று இருக்கும் என்று நினைக்கிறேன். என் அப்பா அந்தப் படுதாக்களை எழுதியவர், அதனால் பேசாமல் கடந்துபோக முடியவில்லை.

எங்கள் பக்கம் நாடகக் கம்பெனிக்கு சீன் படுதா எழுதியவர்களே ஸ்டூடியோவுக்கும் எழுதினார்கள். காலண்டர் ஓவியத்துக்குப் பெயர்போன கோவில்பட்டி கொண்டையராஜுவும் நாடகத் திரை எழுதியவர்தான். அப்பா காடாத்துணியைச் சட்டத்தில் இழுத்துக் கட்டி, வஜ்ஜிரப் பசை காய்ச்சி, வெள்ளைப் பொடி கலந்து பூசுவார். ஆயில் பெயின்ட் ஆகாது. விளக்கு பட்டால் பளபளக்கும். கறுப்பு வெள்ளைப் படம் என்பதால் பெரும்பாலும் சாம்பல் நிறங்கள்தான்.

ஸ்டூடியோவுக்குள் போனதும் அவர் முதலில் கேட்பது, "லைட்டு எந்தப் பக்கம் அண்ணாச்சி?" விளக்கு இடப்பக்கம் என்றால் தூணுக்கு வலப்பக்கம் நிழல் கொடுப்பார். கேமரா நிற்கும் உயரத்தில்தான் தொடுவானம். தலை வரும் இடத்தில் அடர்த்தியாக எதையும் எழுத மாட்டார். கறுப்பு முடி அதில் கரைந்துபோகும். கோடுகளை மங்கலாகத் தேய்த்துவிடுவார், முகம் மட்டும் துலக்கமாக நிற்கும். இதையெல்லாம் தெரிந்து செய்த வேலையை ஏமாற்று என்றால் எனக்கு வலிக்கிறது.

கோட்டும் கைக்கடிகாரமும் ஸ்டூடியோவில் இரவல் வாங்கிப் போட்டவர்கள் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் அந்த மாடிப்படி தன் வீட்டுடையது என்று யாரும் சொல்லிக்கொண்டதில்லை. ஊரில் பாதி வீட்டுச் சுவரில் அதே மாடிப்படிதானே தொங்கியது! ஆயுளில் ஓரிரு முறை படம் எடுப்பவர்களுக்கு நிற்க ஒரு நல்ல இடம், அவ்வளவுதான்.

படத்தின் அடியில் ஸ்டூடியோ முத்திரை இருக்கும், படுதா எழுதியவர் பெயர் இருக்காது. சரி, அதையாவது பொறுத்துக்கொள்ளலாம். பெரியம்மா தவறியபோது, அப்பாவின் படுதா முன்னால் அவர் நின்ற படத்தைக் கண்ணீர் அஞ்சலி பேனருக்குக் கொடுத்தோம். பின்னணியை வெட்டிவிட்டு மேகமும் ரோஜாவும் ஒட்டினார்கள். முகத்தையும் வெளுப்பாக்கியிருந்தார்கள். பெரியம்மா நல்ல கறுப்பு, அந்தக் கறுப்பில்தான் அவ்வளவு லட்சணம். கேட்டால், "எல்லாரும் இப்படித்தான் சார் கேக்கறாங்க" என்றார்கள். மறுபடி அடிக்கச் சொல்லி, அதற்கும் காசு கொடுத்துத்தான் வாங்கி வந்தேன்.