செட்டிங்கை எழுதிவைக்கும் கான்ஃபிக் ஃபைலைப் படிக்க நானே கோட் எழுதிக்கொள்ளலாமா, ஏற்கெனவே எழுதிவைத்த லைப்ரரிதான் வேண்டுமா?

நீங்கள் கேட்டிருப்பதைப் பார்த்தால் பைத்தானில் சின்னச் செயலி, பத்துப் பதினைந்து செட்டிங், இதற்குப் போய் லைப்ரரியா என்ற எண்ணம். அதே எண்ணத்தில்தான் நானும் இருபது வரியில் ஒன்று எழுதினேன். வரியை எடு, சமக்குறி வரும் இடத்தில் வெட்டு, இடப்பக்கம் பெயர், வலப்பக்கம் மதிப்பு. எட்டு மாதம் ஒழுங்காக ஓடியது. ஒருநாள் டேட்டாபேஸ் பாஸ்வேர்டை மாற்றினார்கள். புது பாஸ்வேர்டின் நடுவிலேயே ஒரு சமக்குறி. என் கோட் அதையும் வெட்டிவிட்டுப் பாதி பாஸ்வேர்டை அனுப்பிக்கொண்டிருந்தது. லாகில் 'பாஸ்வேர்ட் தவறு' என்பது மட்டுமே வந்ததால் கண்டுபிடிக்க அரை நாள் போனது.

அன்றே கான்ஃபிக்பார்சருக்கு மாறினேன். பைத்தானோடு வரும் லைப்ரரி அது, முதல் சமக்குறியில் மட்டும் பிரிக்கும். ஆனால் அதிலும் அடி வாங்கினேன். டெஸ்ட் சர்வரிலிருந்து மெயில் போகக்கூடாது என்று அந்த செட்டிங்கில் 'ஃபால்ஸ்' என்று எழுதி வைத்திருந்தேன். கான்ஃபிக்பார்சர் எதையும் ஸ்ட்ரிங்காக, அதாவது வெறும் எழுத்துத் தொடராகத்தான் கொடுக்கும். காலியாக இல்லாத ஸ்ட்ரிங் எதுவானாலும் இஃப் வரியில் பைத்தானுக்கு அது ட்ரூதான். நிஜ வாடிக்கையாளர்களுக்கு மெயில் போய்விட்டது. மதிப்பை ட்ரூ-ஃபால்ஸாகவே மாற்றித் தர கெட்பூலியன் என்றே ஒன்று இருக்கிறது, டாகுமென்டிலும் தெளிவாக எழுதியிருக்கிறார்கள். நான் படிக்கவில்லை, தப்பு என்னுடையதுதான்.

ஆனாலும் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். அந்த கோட்டை ரிவ்யூ செய்து ஓகே கொடுத்தவர்கள் இரண்டு பேர். அப்புறம் எழுதிய அறிக்கையில் என் பெயர் மட்டும்தான் இருந்தது. திறந்து பார்க்காமலே ஓகே போடும் ரிவ்யூ யாருக்காக? இன்றுவரை மனசு ஆறவில்லை.

சரி, ஃபைலே வேண்டாம், செயலி ஓடும்போது சிஸ்டம் அதற்குக் கொடுக்கும் என்விரான்மென்ட் வேரியபிளே போதுமே என்று சிலர் வருவார்கள். பாஸ்வேர்ட் மாதிரி ரகசியங்களுக்கு அது நல்லது, மறுக்கவில்லை. ஆனால் அதுவும் ஸ்ட்ரிங்தான், இதே பள்ளம் அங்கேயும் உண்டு. யாமல் என்ற கான்ஃபிக் ஃபைல் வடிவத்திலும் பள்ளம் உண்டு: அதன் 1.1 விதிப்படி நார்வேயின் நாட்டுக் குறியீடான என்-ஓ, மேற்கோள்குறி போடாவிட்டால் ஃபால்ஸ் ஆகிவிடும். புதிதாகத் தொடங்குவதென்றால் நான் டாமல் என்ற ஃபைல் வடிவத்தைத்தான் எடுப்பேன். எது எண், எது ட்ரூ-ஃபால்ஸ் என்பது ஃபைலிலேயே தெரிந்துவிடும். பைத்தான் 3.11 முதல் டாமலுக்கான டாம்லிப் லைப்ரரி கூடவே வருகிறது, ஆனால் அதற்குப் படிக்க மட்டும்தான் தெரியும்.

கான்ஃபிக்பார்சரையே வைத்துக்கொண்டு, செயலியே செட்டிங்கை மாற்றிச் சேமிக்கப் போகிறதென்றால் கவனம்: திரும்ப எழுதும்போது நீங்கள் போட்ட கமென்ட் அத்தனையும் போய்விடும். நீங்கள் எழுதும் ஃபைலையும் செயலி எழுதும் ஃபைலையும் தனித்தனியாக வையுங்கள். கான்ஃபிக்பார்சரின் ரீட் கட்டளைக்கு இரண்டையும் வரிசையாகக் கொடுத்தால், பின்னால் படித்த மதிப்புதான் நிற்கும்.