ஒடியா வீட்டுக் காலண்டர்: கேட்டவர்களுக்குப் பதில்

ஒடிசாவின் கட்டக்கில் பல வருடம் குடியிருந்தவன் நான். ஒடியா காலண்டர் பற்றி வந்த கேள்விகளுக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

அங்கே எந்தக் காலண்டர் வாங்குகிறார்கள்?

கோகினூர், ராதாரமண், இன்னும் சில. கோகினூரைத் தொடங்கியது கட்டக்கின் ஒரு முஸ்லிம் குடும்பம். இந்து வீடுகளில் ஏகாதசியும் விரதமும் அதைப் பார்த்துத்தான் நடக்கின்றன. அந்த ஊரில் எனக்கு ரொம்பப் பிடித்த விஷயம் இது. எங்கள் வீட்டுக்கார அம்மா சமையலறை ஆணியில் மாட்டியிருப்பார். பால் வராத நாளுக்குப் பென்சிலில் ஒரு சுழி, சிலிண்டர் மாற்றிய நாளுக்கு ஒரு கோடு. அதே கட்டத்தில்தான் திதியும் இருக்கும்.

வியாழக்கிழமைகளில் வரும் மாணபசா குருபார் லட்சுமி பூஜை, மார்கழி பிறந்ததும்தானே?

இல்லை. ஒடியா பண்டிகை மாதம் பௌர்ணமிக்கு மறுநாள் தொடங்குகிறது. கார்த்திகைப் பௌர்ணமி முடிந்தாலே மார்கசிர மாதம் வந்துவிடும். 2024-இல் வியாழக்கிழமைகள் நவம்பர் 21, 28, டிசம்பர் 5, 12. நம் மார்கழி பிறந்ததோ 16-ஆம் தேதி. அதற்குள் நான்கும் முடிந்துவிட்டன. வாசலில் அரிசி மாவில் ஜோட்டி கோலமும் லட்சுமி பாதமும் போட்டு, புது நெல் நிரப்பிய மாணா என்ற அளவுப் படியை வைத்துக் கும்பிடுவார்கள். தமிழ்ப் பஞ்சாங்கத்தைப் பார்த்து ஒடியா நோன்புக்கு நாள் குறிக்காதீர்கள்.

சில மாதப்பிறப்பு நமக்கு ஒரு நாள் முன்னாலேயே வருகிறது. தவறு அவர்கள் பக்கம்தானே?

இல்லை. சூரியன் ராசி மாறிய நாளே அங்கே சூரிய மாதத்தின் முதல் நாள், இரவில் மாறினாலும் சரி. நமக்கு அஸ்தமனத்துக்குப் பின் மாறினால் மறுநாள்தான் முதல் தேதி. இரண்டும் முறைதான்.

அப்படியானால் நம் முறைதான் துல்லியம் என்று இன்னொருவர் எழுதியிருக்கிறாரே?

நாளை எங்கே தொடங்குவது என்பது வழக்கம். துல்லியத்துக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. துல்லியம் வேண்டுமென்றால் ஒடிசாவின் கண்டபடாவைச் சேர்ந்த வானியலாளர் சாமந்த சந்திரசேகரைப் பாருங்கள். மூங்கிலிலும் மரத்திலும் கருவி செய்து வானத்தை அளந்தவர் அவர்.

அங்கம் என்று ஓர் எண் போட்டிருக்கிறதே?

பூரி கஜபதி மன்னரின் ஆட்சியாண்டு. 1 கிடையாது. 6-இலும் 0-விலும் முடியும் எண்களும் கிடையாது. 10 மட்டும் உண்டு. அதனால் அங்கம் 21 என்றால் உண்மையில் 17-ஆம் ஆண்டு. பாத்ரவ மாத வளர்பிறைத் துவாதசியில் எண் மாறும்.

கல்யாணத்துக்கு நாள் பார்த்துச் சொல்வீர்களா?

அது ஜோசியர் வேலை.

ஆப் போதாதா?

மூன்றாவது ஆளாகக் கேட்கிறீர்கள். திதிக்குப் போதும். பால் கணக்கை எங்கே எழுதுவீர்கள்?

மார்கழி முதல் வியாழன்...

மேலே படியுங்கள். மாதம் தொடங்குவது பௌர்ணமிக்கு மறுநாள்.